செக் கேஸ்ல ராஜி பேசியாச்சு, இனிமே என்ன பண்ணணும்?

வாசகி கேள்வி: வணக்கம் சார். நாங்க பவானி பக்கம். வீட்டுக்காரர் விசைத்தறி வச்சு பெட்ஷீட், துண்டு ஓட்டிக் கொடுக்கிறார். ஜிஎஸ்டி, பேங்க் கணக்கு எல்லாம் என் பேர்ல இருக்கு. நூல் கடைக்குக் கொடுத்த 6,80,000 ரூபா செக் 2023ல ரிட்டர்ன் ஆகி என் மேல 138 கேஸ் நடக்குது. நடுவுல கோர்ட் சொல்லி இடைக்கால இழப்பீடா 68,000 கட்டினோம். கடைக்காரர் குறுக்கு விசாரணை முடிஞ்சு அடுத்த வாய்தா ஜட்ஜ் என்கிட்டயே நேரா கேட்கற 313 கேள்விக்குன்னு போட்டிருக்காங்க. இப்ப கடைக்காரரே இறங்கி வந்து மொத்தம் 6 லட்சத்துக்கு ஒத்துக்கிறார். 2 லட்சம் உடனே ரொக்கமா, மீதி 4 லட்சத்துக்கு மாசம் ஒரு லட்சம்னு நாலு செக். எல்லாம் பாஸ் ஆனதும் கேஸை வாபஸ் வாங்கிக்கிறேன்னு சொல்றார். முன்னாடி வாங்கின ரெண்டு பிளாங்க் செக்கும் வீட்டுக்காரர் எழுதிக் கொடுத்த ஒரு புரோ நோட்டும் இன்னும் அவர்கிட்ட இருக்கு. ராஜி ஆனா கோர்ட்டுக்கு 10 பர்சென்ட் கட்டணும்னு பக்கத்துல சொல்றாங்க, உண்மையா? பொண்ணு பிரசவத்துக்கு பஹ்ரைன் போகணும், பாஸ்போர்ட்டுக்கு இந்த கேஸ் தடையா நிக்குமா? வக்கீலுக்குச் சொன்னா இழுத்துடுவார், நீங்களே பேசி முடிச்சிடுங்கன்னு சொந்தக்காரங்க சொல்றாங்க. என்ன பண்றதுன்னு தெரியல சார்.

பதில்:

வணக்கம் தங்கச்சி. முதல்ல ஒண்ணு சொல்லிடறேன், ராஜிக்குப் போறது சரியான முடிவு. கடிதத்துல நீங்க இன்னொண்ணும் எழுதியிருந்தீங்க, மட்டமான நூல் வந்துச்சு, 1,20,000க்கு திருப்பி அனுப்பினோம், அதை அவர் கணக்குல கழிக்கலன்னு. நியாயமான குறைதான். ஆனா அதுக்கு டெபிட் நோட் இல்ல, வண்டி ரசீது இல்ல, அவர் வக்கீல் நோட்டீஸ் விட்டப்போ நீங்க பதிலும் போடல. செக்ல இருக்கிற கையெழுத்து உங்களதுன்னு ஆயிட்டா செக் கேஸுக்கான சட்டத்துல 139வது பிரிவுப்படி கடன் இருந்ததுன்னுதான் கோர்ட் எடுத்துக்கும், இல்லன்னு காட்ட வேண்டிய பாரம் உங்க தலையில. வியாபாரம் பண்ணது வீட்டுக்காரர், நான் கையெழுத்து மட்டும்தான் போட்டேன்னு சொல்றதும் எடுபடாது, கணக்கு உங்களது கையெழுத்தும் உங்களது. தோத்தா ரெண்டு வருஷம் வரைக்கும் தண்டனை இல்லன்னா செக் தொகையில ரெண்டு மடங்கு வரைக்கும் அபராதம், ரெண்டும் சேர்ந்தும் வரலாம். அதனால 6,80,000 கேஸை 6 லட்சத்துக்கு முடிக்க ஆள் தயாரா இருக்கும்போது விடக்கூடாது.

ஆனா அவர் சொல்ற மாதிரியே முடிச்சீங்கன்னா நீங்க மாட்டிக்குவீங்க. ஒவ்வொண்ணா சொல்றேன்.

கடையில உட்கார்ந்து பேசி முடிச்சது வேற, கோர்ட்ல பதிவானது வேற. "பணம் முழுசா வந்ததும் வாபஸ்"னா அர்த்தம் என்ன? இன்னும் நாலு மாசம் கேஸ் உங்க தலைக்கு மேல அப்படியே ஓடும், 313 கேள்வி நடக்கும், சாட்சி கட்டம் வரும், வாதம் வரும். நீங்க பேசியாச்சேன்னு வாய்தாவுக்குப் போகாம விட்டா பிடிவாரண்ட் போட்டுடுவாங்க, கடைக்காரர் வக்கீல் அன்னிக்கு எழுந்து "ஐயா நாங்க ராஜி பேசிட்டு இருக்கோம்"னு சொல்லுவார்னு எந்த உத்தரவாதமும் இல்ல. என்கிட்ட வந்த ஒருத்தர், சென்னிமலைப் பக்கம் போர்வை வியாபாரம், கோர்ட் எதிர்ல இருக்கிற டீக்கடையில வச்சு 3 லட்சம் எண்ணிக் கொடுத்துட்டு வீட்டுக்குப் போயிட்டார், ரசீது கிடையாது, கோர்ட்ல ஒரு வரி எழுதல. மூணு மாசம் கழிச்சு போலீஸ் வாரண்டோட வீட்டு வாசல்ல. கேட்டா எதிர்பார்ட்டி சொல்றார், அந்த 3 லட்சம் பழைய பாக்கிக்கு வரவு வச்சிட்டேன், இந்த செக்குக்கு இல்லன்னு. நாம பொய்னு சொல்றோம், நிரூபிக்க என்ன இருக்கு?

அதனால அடுத்த வாய்தாவிலேயே ரெண்டு பேரும் சேர்ந்து ஜாயிண்ட் மெமோ, அதாவது ராஜி விவரத்தை எழுதின கூட்டு மனு போடணும். ரெண்டு பேர் கையெழுத்து, ரெண்டு வக்கீல் கையெழுத்து. 138 கேஸை ராஜி பண்ணிக்கலாம்னு சட்டத்துலயே 147வது பிரிவு இருக்கு, 2003 பிப்ரவரியில இருந்து அமல்ல இருக்கு, எந்தக் கட்டத்துலயும் பண்ணலாம், அப்பீல்ல கூட. ஆனா புகார் கொடுத்தவர் சம்மதம் இல்லாம கோர்ட் தானா முடிச்சு வைக்காது, 2012லயும் மறுபடி 2024லயும் சுப்ரீம் கோர்ட் இதைச் சொல்லியிருக்கு. 2024 கேஸ்ல பணம் முழுக்க கட்டியும் புகார்தாரர் ஒத்துக்காததால, சுப்ரீம் கோர்ட் தன்னோட விசேஷ அதிகாரத்தை வச்சுத்தான் முடிச்சு வைக்க வேண்டியதாச்சு. நம்ம மாஜிஸ்ட்ரேட்டுக்கு அந்த அதிகாரம் இல்ல. அவர் இன்னிக்கு சரின்னு சொல்றார்னா அதை இன்னிக்கே பேப்பர்ல வாங்கிடுங்க, நாளைக்கு மச்சான் வந்து காதுல ஓதினா மாறிடும்.

மெமோல என்ன இருக்கணும்ங்கறதுல தான் எல்லாம் இருக்கு. முதல்ல அந்த 68,000. அது 6 லட்சத்துக்குள்ளயா வெளியவா? நீங்க உள்ளன்னு நினைச்சிட்டு இருப்பீங்க, அவர் வெளியன்னு நினைச்சிட்டு இருப்பார், கடைசி மாசம் சண்டை வரும். உள்ளன்னா நீங்க இனிமே கட்ட வேண்டியது 5,32,000 தான். நான் உங்க வக்கீலா இருந்தா உள்ளன்னு தான் பேசுவேன், அது ஏற்கனவே அவர் கைக்குப் போன பணம். இதுல இன்னொரு நுணுக்கமும் இருக்கு. செக் கொடுத்தவர் விடுதலை ஆனா இடைக்கால இழப்பீட்டை வட்டியோட திருப்பித் தரணும்னு 143ஏ பிரிவு சொல்லுது, ராஜி ஆனாலும் அது விடுதலைதான், அதனால எதிர்த்தரப்பு வக்கீல் விவரமானவரா இருந்தா "திருப்பிக் கேட்க மாட்டேன்"னு ஒரு வரி உங்ககிட்ட எழுதிக் கேட்பார். எழுதிக் கொடுங்க, ஆனா "மொத்தத் தொகையில கழிச்சுக்கப்பட்டது"ங்கற வார்த்தையையும் சேர்த்தே எழுதுங்க.

அடுத்து 2 லட்சம் ரொக்கம். வேண்டாம். 2 லட்சமோ அதுக்கு மேலயோ ஒருத்தர்கிட்ட ரொக்கமா வாங்கினா வருமான வரிச் சட்டப்படி வாங்கினவருக்கு அதே அளவு அபராதம், ரெண்டு நாளா பிரிச்சு வாங்கினாலும் ஒரே விவகாரம்னா அதே கதைதான். இதை அவர்கிட்ட நயமா சொல்லுங்க, அவரே பேங்க்ல போடுன்னு சொல்லிடுவார். ஆர்டிஜிஎஸ் போட்டு யூடிஆர் நம்பரை (பணம் போனதுக்கு பேங்க் தர்ற நம்பர்) மெமோல எழுதுங்க, இல்லன்னா டிடி எடுத்து கோர்ட் ஹால்ல ஜட்ஜ் முன்னாடி கொடுங்க. நான் டிடியைத்தான் சொல்வேன், கொடுத்தது உத்தரவுலயே பதிவாகிடும்.

இப்ப முக்கியமான விஷயம், அந்த நாலு செக். தங்கச்சி, ஒரு செக்ல மாட்டிட்டு இருக்கீங்க, அதை முடிக்க இன்னும் நாலு செக் கொடுக்கப் போறீங்க! ராஜிக்காகக் கொடுத்த செக் ரிட்டர்ன் ஆனா அதுக்குத் தனியா புது 138 கேஸ் போடலாம்னு 2021ல சுப்ரீம் கோர்ட் தெளிவா சொல்லியிருக்கு, அது நம்ம மெட்ராஸ் ஹைகோர்ட்ல இருந்து போன கேஸ்தான். பழைய கேஸையும் புது கேஸையும் ஒரே நேரத்துல ரெண்டு குதிரையா ஓட்ட முடியாதுன்னும் அதுலயே சொன்னாங்க, அது ஒரு ஆறுதல். ஆனா புது கேஸ்ல "எனக்குக் கடனே இல்ல, சரக்கு மட்டம்"னு ஒரு வார்த்தை பேச முடியாது, ஏன்னா கோர்ட்ல உட்கார்ந்து நீங்களே ஒத்துக்கிட்டு எழுதிக் கொடுத்திருப்பீங்க. இப்ப இருக்கிற கேஸ்லயாவது வாதாட ரெண்டு பாயிண்ட் இருக்கு, அதுல அதுவும் இருக்காது.

அதனால செக்குக்குப் பதிலா ஒவ்வொரு மாசமும் 10ஆம் தேதிக்குள்ள அவர் கணக்குக்கு அனுப்பறேன்னு எழுதுங்க. அவர் செக் இல்லாம ஒத்துக்கவே மாட்டேன்னா, அப்பவும் செக் நம்பரை மெமோல குறிச்சு, இந்தத் தேதிக்கு முன்னாடி பேங்க்ல பணம் வந்துட்டா செக்கைத் திருப்பித் தந்துடணும்னு எழுதி வாங்குங்க. அப்புறம் மாசம் ஒரு லட்சம்ங்கறதை வீட்டுக்காரரோட உட்கார்ந்து நிதானமா கணக்குப் போடுங்க. தறிக்கூலி எப்ப வரும், பார்ட்டி எத்தனை நாள் கழிச்சு பணம் போடுவான், நடுவுல நூல் விலை ஏறினா என்ன, எல்லாம் உங்களுக்குத்தான் தெரியும். ஆறு மாசம் 66,000 சொச்சம்னு கேட்டா அவர் முகம் சுளிப்பார், ஆனா கேளுங்க. முடியாத தவணைக்கு ஜட்ஜ் முன்னாடி தலையாட்டறதை விட இப்ப கொஞ்சம் பேரம் பேசறது மேல். ஒரு தவணை தப்பினா மறுபடி மொத்தம் 6,80,000ம் 24 பர்சென்ட் வட்டியோடன்னு ஒரு வரியை எதிர்த்தரப்பு நைசா சொருகும், அதை அடிச்சுட்டு ஒரு வாரம் பத்து நாள் அவகாசம் போட்டுக்கோங்க.

பிளாங்க் செக் ரெண்டு, புரோ நோட்டு ஒண்ணு, இதை விட்டுட்டு ராஜி ஆனீங்கன்னா பாதி ராஜிதான். கையெழுத்துப் போட்ட வெத்து செக்கை அப்புறம் அவரே நிரப்பினாலும் சட்டத்தோட அனுமானம் அவர் பக்கம்தான்னு 2019ல சுப்ரீம் கோர்ட் சொல்லியாச்சு. பேங்க்ல ஸ்டாப் பேமென்ட் கொடுத்துட்டா போதும்னு நிறைய பேர் நினைக்கிறாங்க, அப்படி ரிட்டர்ன் ஆனாலும் 138 வரும். உங்க செக் புக்கோட அடிக்கட்டையைப் பாருங்க, அந்த ரெண்டு நம்பரும் கிடைச்சிடும். நம்பரை எழுதி, புரோ நோட்டு தேதியை எழுதி, இந்த ராஜியோட இதெல்லாம் ரத்து, திருப்பித் தரப்பட்டதுன்னு மெமோல வரணும். தொலைஞ்சு போச்சுன்னு சொன்னா தொலைஞ்சதாவே எழுதி, இனி யார் கையில கிடைச்சாலும் அதுக்கு மேல எந்த உரிமையும் கோர மாட்டேன்னு கையெழுத்து வாங்குங்க. புரோ நோட்டு உங்க வீட்டுக்காரர் பேர்ல இருக்கறதால அவர் இந்த கேஸ்ல பார்ட்டி இல்லாட்டியும் அந்த விஷயம் இதுல வந்தாகணும், இல்லன்னா நாளைக்கு சிவில் கோர்ட்ல அவர் பேர்ல சம்மன் வரும்.

கையெழுத்துப் போடறது யாருன்னு பாருங்க. கடை பார்ட்னர்ஷிப்னு எழுதியிருக்கீங்க. பேசறது பெரியவர், கேஸ் போட்டது அவர் பையன், கோர்ட்டுக்கு வர்றது கணக்குப்பிள்ளை, இப்படித்தான் நம்ம ஊர்ல நடக்கும். பவர் வாங்கிட்டு வர்றவர்னா அந்தப் பவர்ல சமாதானம் பண்ணிக்க அதிகாரம் கொடுத்திருக்கான்னு உங்க வக்கீலைப் படிச்சுப் பார்க்கச் சொல்லுங்க. உங்க பக்கமும் வீட்டுக்காரர் பேசட்டும், ஆனா குற்றம் சாட்டப்பட்டவர் நீங்கதான், மெமோல கையெழுத்தும் கோர்ட்ல நிக்கறதும் நீங்கதான்.

10 பர்சென்ட் கதை என்னன்னா, அது 2010 தீர்ப்புக் கணக்கு. அதுப்படி முதல் ரெண்டு வாய்தாக்குள்ள ராஜி ஆனா ஒண்ணும் இல்ல, அதுக்கப்புறம் மாஜிஸ்ட்ரேட் கோர்ட்ல ஆனா செக் தொகையில 10 பர்சென்ட் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குக் கட்டணும், உங்க கேஸ்ல அது 68,000 ஆகும். பக்கத்துல சொன்னவர் இதைத்தான் சொல்லியிருப்பார். 2025 செப்டம்பர்ல சுப்ரீம் கோர்ட் இதைக் குறைச்சிடுச்சு. இப்ப எதிரித் தரப்பு, அதாவது குற்றம் சாட்டப்பட்ட உங்க பக்கத்து சாட்சியம் பதிவாகறதுக்கு முன்னாடி பணத்தைக் கட்டிட்டா எதுவும் கிடையாது. அதுக்கப்புறம், தீர்ப்புக்கு முன்னாடின்னா 5 பர்சென்ட், உங்களுக்கு 34,000. அப்பீல், ரிவிஷன்னு செஷன்ஸ் கோர்ட், ஹைகோர்ட் போயிட்டா ஏழரை, சுப்ரீம் கோர்ட்ல 10. நீங்க இப்ப 313 கட்டத்துல நிக்கறீங்க, உங்க சாட்சி இன்னும் ஆரம்பிக்கல, ஓசியில முடிக்கிற கட்டத்துலதான் இருக்கீங்க. ஆனா தவணை நாலு மாசம் ஓடும்போது கோர்ட் அடுத்த கட்டத்துக்குப் போயிட்டா கணக்கு மாறலாம், அதனால மெமோ போடற அன்னிக்கே, பணம் கட்டி முடிக்கிற வரைக்கும் கேஸை இதே கட்டத்துல நிறுத்தி வைக்கணும்னு வக்கீலைக் கேட்கச் சொல்லுங்க. ஜட்ஜ் எவ்வளவு நாள் கொடுப்பார்ங்கறது அவர் இஷ்டம், பழைய கேஸை முடிக்கச் சொல்லி அவங்களுக்கும் மேல இருந்து நெருக்கடி.

அதே 2025 தீர்ப்புல இன்னொரு விஷயமும் இருக்கு, பேரத்துக்கு உதவும். செக் தொகைக்கு மேல வட்டி கிட்டின்னு கேட்டு புகார்தாரர் முரண்டு பிடிச்சா, எதிரி குற்றத்தை ஒத்துக்கிட்டு நன்னடத்தைச் சட்டப்படி ஜெயிலுக்குப் போகாம சலுகை வாங்கற வழியை மாஜிஸ்ட்ரேட் காட்டலாம்னு சொல்லியிருக்காங்க. உங்களுக்கு அது தேவைப்படாது, நீங்க அந்த வழியில போகவும் வேண்டாம், ஏன்னா ஒத்துக்கிட்டா குற்றவாளின்னு தீர்ப்பு வந்துடும். ஆனா கடைக்காரர் திடீர்னு வட்டிப் பேச்சை எடுத்தா உங்க வக்கீல் இதை அவர் வக்கீல் காதுல போட்டு வைக்கலாம்.

லோக் அதாலத் பத்தி நீங்க கேட்கல, நானே சொல்றேன். மக்கள் நீதிமன்றத்துல வச்சு முடிச்சா கேஸ் அன்னிக்கே முடிஞ்சிடும், மேல அப்பீல் கிடையாது. அதுக்கப்புறம் தவணை தப்பினா அந்த உத்தரவு சிவில் டிகிரி மாதிரி, அவர் எக்ஸிகியூஷன் (உத்தரவை நிறைவேத்தற மனு) போட்டு உங்க தறி, வீடுன்னு ஜப்திக்குப் போகலாம், 138 கேஸ்ல போட்ட லோக் அதாலத் உத்தரவுக்கும் இது பொருந்தும்னு சுப்ரீம் கோர்ட் 2011ல சொல்லிடுச்சு. புதுசா செக் எதுவும் கொடுக்காம இருந்தா திரும்ப கிரிமினல் பக்கம் இழுக்க மாட்டாங்க. அதனால உங்களுக்கு லோக் அதாலத் நல்லது, பஹ்ரைன் அவசரத்துக்கும் நல்லது. அவருக்கு நல்லதான்னா இல்ல, தவணை பாக்கி இருக்கும்போது எந்த விவரமான புகார்தாரரும் கேஸை விட்டுக் கொடுக்க மாட்டார், நான் புகார்தாரர் பக்கம் நின்னா நானும் வேண்டாம்னுதான் சொல்வேன். முதல் தவணையா 2 லட்சத்துக்குப் பதிலா மூணு, மூணரை புரட்ட முடிஞ்சா கேட்டுப் பாருங்க, பெரிய தொகையை ஒரே அடியா பார்த்தா மனுஷன் மனசு மாறும். இல்லன்னா ஈரோடு கோர்ட் வளாகத்துல இருக்கிற சமரச மையத்துக்கு அனுப்பச் சொல்லி ஜட்ஜையே கேட்கலாம், அங்க பீஸ் கிடையாது, மூணாவது ஆள் ஒருத்தர் நடுவுல உட்கார்ந்தா தவணை விஷயத்துல ரெண்டு பேரும் கொஞ்சம் இறங்கி வருவாங்க.

பாஸ்போர்ட் விஷயம். புதுசா எடுக்கப் போறீங்களா, இருக்கறதை ரினியூவல் பண்ணப் போறீங்களான்னு எழுதல. எதுவா இருந்தாலும் கிரிமினல் கேஸ் நிலுவையில இருக்கான்னு ஃபார்ம்ல கேள்வி வரும், இப்ப இல்லன்னு டிக் அடிச்சீங்கன்னா அது வேற வம்பு. கேஸ் நடக்கும்போதே போகணும்னா அதே கோர்ட்ல அனுமதி கேட்டு மனு போடணும், பொண்ணோட பிரசவத் தேதி காட்டற டாக்டர் சீட்டு வச்சு, ராஜி மெமோவும் போட்டிருந்தா பெரும்பாலும் கொடுத்துடுவாங்க. அதனால அனுமதி மனுவையும் மெமோ போட்ட கையோட போடச் சொல்லுங்க, தவணை முடியற வரைக்கும் காத்திருக்காதீங்க. ராஜி பதிவாகி கேஸ் முடிஞ்சதுக்கப்புறம் அது விடுதலைதான், தண்டனை எதுவும் கிடையாது, அடுத்த முறை ஃபார்ம் நிரப்பும்போது நிலுவையில எதுவும் இல்லன்னு தைரியமா எழுதலாம்.

வக்கீலுக்குத் தெரியாம முடிக்கிற யோசனையைத் தூக்கிப் போடுங்க. இழுக்கற ஆளுங்க எங்க கூட்டத்துல இல்லன்னு நான் சத்தியம் பண்ண மாட்டேன். ஆனா மெமோ தாக்கல் பண்ண வக்காலத்து இருக்கிற வக்கீல் வேணும், அவர் பீஸ் பாக்கி ஏதாவது இருந்தா அதைப் பேசி முடிச்சிட்டு இந்தக் கடிதத்துல நான் சொன்னதை எல்லாம் அவர்கிட்ட காட்டுங்க. அவர் உண்மையிலேயே ராஜிக்குக் குறுக்க நின்னா வேற வக்கீலை மாத்திக்கலாம், ஆனா முதல்ல கேட்டுப் பாருங்க, முக்கால்வாசி பேருக்கு இப்படி ஒரு கேஸ் முடியறதுல சந்தோஷம்தான்.

கடைசி தவணை போன அன்னிக்கு கடைக்காரர் கோர்ட்டுக்கு வந்து பணம் முழுசா வந்துடுச்சுன்னு சொல்லணும், அந்தத் தேதியையும் மெமோலயே குறிச்சு வாங்கிடுங்க, பணம் வாங்கினப்புறம் ஆளைப் பிடிக்கறது சிரமம். அவர் வராட்டியும் பேங்க் ஸ்டேட்மென்ட் வச்சு உங்க வக்கீல் கேட்கலாம், மெமோ சரியா இருந்தா அது கஷ்டம் இல்ல. உத்தரவு வந்ததும் அன்னிக்கே காப்பி அப்ளிகேஷன் போட்டு சர்டிஃபைடு காப்பி ரெண்டு வாங்கி வச்சுக்கோங்க, ஒண்ணு பாஸ்போர்ட்டுக்கு, ஒண்ணு பீரோவுக்கு. உங்களுக்கு ஜாமீன் நின்னவங்க கொடுத்த ஒரிஜினல் ஏதாவது கோர்ட்ல இருந்தா அதையும் மனு போட்டுத் திரும்ப வாங்கிக் கொடுத்துடுங்க.